அரங்கேற்றத்துக்கு முந்தைய மூன்று வாரம்

அன்புள்ள கயல்,

நாடகத்துக்கு மூன்று வாரம்தான் இருக்கிறது, குழுவில் யாருக்கும் தூக்கமில்லை, பதற்றம் போக வழி சொல்லுங்கள் என்று கேட்டிருக்கிறாய். மூச்சுப் பயிற்சி செய்யுங்கள், நல்லதுதான். ஆனால் பதற்றத்தைப் போக்குவதுதான் முதல் வேலை என்பதை நான் ஏற்கவில்லை. ஏற்கெனவே உடம்பில் ஊறியிருப்பது எதுவோ அதைத்தான் பதற்றம் பெரிதாக்கிக் காட்டும். ராபர்ட் ஸயான்ஸ் என்ற உளவியலாளர் 1965இல் பழைய சோதனைகளைத் தொகுத்துப் பார்த்து இதைச் சொன்னார்: பிறர் பார்க்கும்போது நன்கு பழகிய வேலை மேலும் சிறக்கிறது, பழகாதது மேலும் சொதப்புகிறது. கரப்பான்பூச்சிகளை வைத்துக்கூட அவர் சோதித்தார். மற்ற பூச்சிகள் பார்த்திருக்க, நேர்ப்பாதையில் வேகம் கூடியது; சிக்கலான பாதையில் குறைந்தது. (உன் கதாநாயகன் கோபித்துக்கொள்ள வேண்டாம்.)

மேடையிலேயே இதற்குச் சாட்சி உண்டு. ரஷ்ய எழுத்தாளர் செகாவின் ‘கடற்பறவை’ நாடகம் 1896இல் பீட்டர்ஸ்பர்க்கில் அவசர ஒத்திகையோடு மேடையேறி, கேலிச் சிரிப்பில் மூழ்கியது. இனி நாடகமே எழுதுவதில்லை என்றார் செகாவ். 1898இல் இயக்குநர்கள் ஸ்தனிஸ்லாவ்ஸ்கியும் நெமிரோவிச்-தான்சென்கோவும் அதையே மாஸ்கோவில் எடுத்தபோது நெருக்கடி முன்னைவிட அதிகம். புதிதாகத் தொடங்கிய அரங்கின் பிழைப்பே அதை நம்பியிருந்தது. செகாவுக்கோ காசநோய், இன்னொரு தோல்வியை அவர் தாங்குவாரா என்று தங்கை நடுங்கினார். நடிகர்கள் நரம்பை அடக்கும் மருந்து குடித்துவிட்டுத்தான் மேடையேறினார்கள் என்று ஸ்தனிஸ்லாவ்ஸ்கியே எழுதியிருக்கிறார். ஆனாலும் நாடகம் வென்றது. அந்தப் பயத்துக்கு அடியில் இருபதுக்கும் மேற்பட்ட ஒத்திகைகள் கிடந்தன.

‘கடைசி நேரத்தில்தான் நல்ல யோசனை வருகிறது’ என்பாய். வரட்டும், எழுதி வைத்துக்கொள், அடுத்த நாடகத்துக்கு ஆகும். முந்தின இரவு மாற்றிய வசனம் பழகாத வேலை. விளக்கு விழுந்ததும் நாக்கு பழைய வசனத்துக்கே ஓடும். இன்னொரு கேள்வி கடினமானது: எல்லாம் பழகியவர்களும் நடுங்குகிறார்களே? உண்மைதான். ஆங்கில நடிகர் லாரன்ஸ் ஒலிவியர் 1960களில், புகழின் உச்சியில், மேடைப் பயத்தால் ஆண்டுக்கணக்கில் அவதிப்பட்டார். ஒத்தெல்லோவாக நடித்தபோது, தான் தனியாகப் பேசும் இடங்களில் கண்ணுக்குத் தெரியும்படி பக்கத்திரையோரம் நிற்குமாறு, இயாகோவாக நடித்த ஃபிராங்க் ஃபின்லேயை வேண்டிக்கொண்டார். ஒத்திகை பயத்தைத் துடைத்துவிடும் என்று நானும் சொல்லவில்லை. அவர் அதை மறைக்காமல் சக நடிகரிடம் ஓர் ஏற்பாடாக மாற்றிக்கொண்டார், பார். உங்களில் யாருக்கு எந்த இடத்தில் நடுங்குகிறது என்று வெளிப்படையாகக் கேட்டு, அங்கே ஓர் ஆளை நிறுத்துங்கள்.

இன்டர்னல் தேர்வும் வருகைப்பதிவும் இருக்கையில் இதற்கெல்லாம் நேரம் ஏது என்பது நியாயமான எதிர்வாதம். ஆகவேதான் நாடகத்தைச் சுருக்கு. இந்த வாரமே வசனத்தை முடித்துவிடு. இரண்டு காட்சியை வெட்டினால் எழுதியவருக்கு வலிக்கும், பார்வையாளருக்குத் தெரியாது. போஸ்டரையும் டிக்கெட்டையும் நடிக்காதவர்களிடம் கொடு. இரவு பதினொன்றுக்கு மேல் ஒத்திகை வேண்டாம். தூங்காத மூளையில் வசனம் தங்காது. ஆடிட்டோரியம் முந்தின நாள்தான் கிடைக்கும் என்கிறாயே, அதன் அளவை இப்போதே எடுத்து வந்து வகுப்பறைத் தரையில் சாக்பீஸால் கோடு போட்டுக்கொள்ளுங்கள். அறை போதாவிட்டால் மொட்டைமாடிக்குப் போங்கள்.

அன்புடன்,
பெரியப்பா