சைட்ஷோ பாபுக்கு என்னதான் வேண்டும்?

அன்புள்ள கவினுக்கு,

உன் படக்கதை வந்து சேர்ந்தது. வில்லன் தொட்டியில் சுறா வளர்க்கிறான், மொட்டை மாடியில் நின்று சிரிக்கிறான், எல்லாம் சரி. அவனுக்கு என்ன வேண்டும் என்பதுதான் பிடிபடவில்லை. உலகத்தையே ஆள வேண்டும் என்று எழுதியிருக்கிறாய். அது யாருக்கும் பொருந்துமடா. நீ விரும்பிப் பார்க்கும் 'தி சிம்ப்சன்ஸ்' தொடரில் விட்டு விட்டு வந்து போகிற சைட்ஷோ பாபை எடுத்துக்கொள்.

பாப் படித்தவன், இசை நாடகப் பிரியன். குரல் கொடுத்த கெல்சி கிராமருக்கு 2006-இல் அதற்காகவே எம்மி விருது கிடைத்தது. இப்பேர்ப்பட்டவனுக்கு வாய்த்த பிழைப்போ க்ரஸ்டி என்ற கோமாளிக்கு எடுபிடி. வாய் திறக்கக் கூடாது. ஊதல் ஊத வேண்டும், பீரங்கிக்குள் புகுந்து வெடித்துப் பறக்க வேண்டும். 1990-இல் வந்த கதையில் அவன் க்ரஸ்டி வேடத்தில் ஒரு கடையைக் கொள்ளையடித்துப் பழியை முதலாளி தலையில் கட்டுகிறான். பணத்துக்காக அல்ல. நிகழ்ச்சி கைக்கு வந்ததும் குழந்தைகளுக்கு இலக்கியம் வாசித்துக் காட்டுகிறானே, அதற்காக!

அவனைப் பிடித்துக் கொடுப்பவன் சிம்ப்சன் வீட்டுப் பையன், பத்து வயது பார்ட். க்ரஸ்டியின் பாதம் சிறியது, பெரிய காலணி வெறும் வேடம். கொள்ளைக்காரனோ காலை மிதித்ததும் வலியில் துடித்தான். அந்தப் பாதம் பாபுடையது. இந்த உண்மை நேரலையில், ஊரே பார்க்க உடைகிறது. உளவியலாளர் ஹைன்ஸ் கோஹுட் 1972-இல் எழுதிய ஒரு கட்டுரையில், தன்மீதே மோகம் கொண்டவன் அவமானப்பட்டால் வரும் சீற்றத்தைத் தனியாகப் பிரித்துக் காட்டினார். சாதாரணக் கோபம் காரியம் முடிந்ததும் அடங்கும். இது பட்ட அவமானத்தையே அழித்தாக வேண்டும் என்று விடாமல் துரத்தும்.

அதனால்தான் பாபின் எதிரி பார்ட் மட்டும் அல்ல, தன்னுடைய கர்வமும்தான். 1994 கதையில் கள்ள ஓட்டில் மேயராகிறான். பார்ட்டின் தங்கை லிசா வளர்த்துச் செத்துப்போன பூனையின் பெயரில்கூட ஓட்டு விழுந்திருக்கிறது. நீதிமன்றத்தில் பிள்ளைகள் ஆதாரம் தேடி அலையவில்லை. 'இவ்வளவு பெரிய மோசடிக்கு உங்களுக்கு மூளை ஏது, நீங்கள் யாரோ ஆட்டிவைத்த பொம்மை' என்கிற தோரணையில் சீண்டுகிறார்கள். அவ்வளவுதான். எல்லாம் தன் கைவேலை என்று முழங்கி, மோசடிக் கணக்கேடுகளையும் தானே எடுத்து வைக்கிறான்.

1993-இன் 'கேப் ஃபியர்' கதையில் பழிவாங்க வந்த பாபிடம் படகில் பார்ட் வசமாகச் சிக்குகிறான். கடைசி ஆசை என்ன என்று பாப் கேட்க, 'எச்.எம்.எஸ். பினஃபோர்' இசை நாடகம் முழுவதையும் பாடச் சொல்கிறான் சிறுவன். பாடி முடிப்பதற்குள் படகு போலீஸ் இருக்கும் இடத்துக்கே வந்துவிடுகிறது. கொலையா, கச்சேரியா என்றால் பாபுக்குக் கச்சேரிதான். (அதே கதையில் சருகு வாரியை மிதித்து மிதித்து ஒன்பது முறை முகத்தில் அடி வாங்குகிறானே, அது நேரம் போதாமல் நீட்டிய காட்சி. எனக்கு அதுதான் உச்சம்.)

2002-இல் பார்ட்டைக் கொல்லும் வாய்ப்பு கைக்கு வந்தும் மனம் வராமல் பாடத் தொடங்கிவிடுகிறான். 2015-இன் பேய்க்கதைச் சிறப்புப் பகுதியில் ஒருவழியாகப் பார்ட்டைக் கொன்றேவிடுகிறான். பிறகு வாழ்க்கை சப்பென்று ஆகிவிட, இயந்திரம் செய்து அவனுக்கு உயிர் கொடுத்து, மறுபடி மறுபடி கொல்கிறான். (அதை அம்மாவிடம் கேட்டுவிட்டுப் பார்.) இருபத்தைந்து ஆண்டு சிரிப்புக்குள் ஒளிந்திருந்த உண்மை அங்கேதான் அப்பட்டமாகிறது: பாபுக்குத் தேவை பார்ட்டின் பிணம் அல்ல, தன்னை மட்டம் தட்டிய அந்தப் பையன் தன்னை மேதை என்று ஒத்துக்கொள்வது. பிணம் அதைச் சொல்லாது.

சுறாத் தொட்டியை இப்போதைக்கு ஓரம் வை. உன் வில்லன் எங்கே, யார் முன்னால் தலைகுனிந்தான் என்பதை ஒரே பக்கத்தில் வரைந்து, இந்த மாதத்துக்குள் எனக்கு அனுப்பு.

அன்புடன்,
மாமா