சாலைக்கு ஏற்ற கல்லைச் சோதித்தறிதல்

தாமிரபரணிப் பாசனப் பிரதேசத்தில் விளையும் நெல்லும் வாழையும் சந்தையை அடைவதற்குச் சாலையே துணை. இச்சாலைகளிற் பல கால்வாய் ஓரமாகவும் வயல்களினூடேயும் செல்வதால் ஈரம் எளிதில் நீங்குவதில்லை. ஆகவே, இவற்றிற்கு இடும் ஜல்லி உறுதியுள்ளதாகவும் நீரை மிகுதியாய் உட்கொள்ளாததாகவும் இருத்தல் வேண்டும். நீருண்ட கல்லினின்றும் தார் கழன்றுவிடும். பின்னர்ச் சக்கரம் பட்டுக் குழி விழும்.

கல்லின் தரத்தைக் கண்ணால் மட்டும் தீர்மானித்தல் போதாது. இந்தியத் தர நிர்ணய நிறுவனம் 1963-ஆம் வருஷத்தில் வகுத்த சோதனைகளுள் ஒன்று மோதற் சோதனை. உலர்ந்த ஜல்லியை இரும்புக் கிண்ணத்திலிட்டு, ஏறக்குறைய 14 கிலோ எடையுள்ள சம்மட்டியை 380 மில்லிமீட்டர் உயரத்தினின்று 15 முறை விழச் செய்து, 2.36 மில்லிமீட்டர் சல்லடையிற் சலிப்பர். நூற்றில் 30 பங்குக்கு மேல் தூளாகும் கல் சாலையின் மேற்பரப்புக்கு உதவாது.

மற்றொரு சோதனையைக் கிராமத்திலேயே ஒருவாறு செய்து பார்க்கலாம். குவியலின் பல இடங்களினின்றும் ஜல்லி எடுத்துக் கழுவி, நன்கு உலர்த்தி, 1 கிலோ நிறுத்துக்கொள்க. 24 மணி நேரம் நீரில் ஊறவைத்து, துணியால் ஈரம் ஒற்றி, மறுபடியும் நிறுத்துப் பார்க்க. எடை 20 கிராமுக்கு மேல் ஏறியிருப்பின் அக்கல் தார் வேலைக்கு ஏற்றதன்று என ஐயுறலாம். உடனே பொறியாளரிடம் தெரிவித்து, சோதனைக்கூட முடிவைக் கேட்டறிக. 2005-ஆம் வருஷத்துத் தகவல் அறியும் உரிமைச் சட்டப்படி, அரசாங்க வேலையில் உபயோகிக்கும் பொருளின் சான்றளித்த மாதிரியைக் கோரவும் குடிகளுக்கு உரிமை உண்டு.

சாலை பெயர்ந்தபின் வருந்துவதினும், ஜல்லி குவியலாய்க் கிடக்கும்போதே சோதித்தறிதல் நன்று.