சீனப் பெருஞ்சுவர்: எதற்காகக் கட்டினார்கள்?

சீனப் பெருஞ்சுவர் என்றதும், ஓர் அரசர் கட்டி முடித்த ஒரே மதில் என்றுதான் நம்மில் பலர் எண்ணுகிறோம். உண்மையில் அது சுமார் இரண்டாயிரம் ஆண்டுகளில் பல அரசுகள் கட்டிய பல சுவர்களின் தொகுப்பு. 2012இல் சீனா வெளியிட்ட கணக்குப்படி அவற்றின் மொத்த நீளம் 21,196 கிலோமீட்டர்.

கி.மு. 221இல் சீனாவை ஒன்றிணைத்த பேரரசர் சின் ஷி ஹுவாங், வடக்கில் ஏற்கெனவே இருந்த சுவர்களை இணைக்கும் பணியைத் தளபதி மெங் தியானிடம் ஒப்படைத்தார். படைவீரர்கள், கைதிகள், குடியானவர்கள் எனப் பலரும் அதில் ஈடுபடுத்தப்பட்டார்கள். அன்றைய சுவரில் பெரும்பகுதி அடித்து இறுக்கிய மண்தான். பின்னர் ஹான் அரசர்கள் பட்டுப் பாதையைக் காக்க அதை மேற்கே நீட்டினார்கள். நாம் படங்களில் பார்க்கும் செங்கல், கருங்கல் சுவர் மிங் ஆட்சியில் (1368–1644) எழுந்தது.

யஃஜூஜ், மஃஜூஜைத் தடுக்க துல்கர்னைன் அமைத்த தடுப்பு இதுதானா என்று நம் பிள்ளைகள் கேட்பதுண்டு. அது இரு மலைகளுக்கு இடையே இரும்புப் பாளங்களாலும் உருக்கிய செம்பாலும் அமைக்கப்பட்டது என்று அல்கஹ்ஃப் அத்தியாயம் கூறுகிறது. மண்ணும் செங்கல்லுமான சீனச் சுவரை அதுவென்று சொல்வதற்கில்லை.

சரி, சுவரின் பயன் என்ன? வடக்குப் புல்வெளிகளிலிருந்து வந்த படையினரின் பலமே குதிரைகள்தான். மனிதன் ஏறிக் குதித்தாலும் குதிரை ஏறாது. எதிரியைக் கண்டதும் காவல் கோபுரங்களில் பகலில் புகையும் இரவில் தீயும் எழுப்பி, அடுத்தடுத்த கோபுரங்களுக்குச் செய்தி அனுப்பினார்கள். சுவரின் வாசல்களில் வணிகர்களின் போக்குவரத்தையும் கண்காணித்தார்கள்.

இவ்வளவு இருந்தும் சுவர் மட்டும் காப்பாற்றவில்லை. மங்கோலியர்கள் வணிக உரிமை கேட்டார்கள். மிங் அரசு மறுத்தது. 1550இல் அவர்களின் தலைவர் அல்தான் கான் சுவரைக் கடந்து பெய்ஜிங்கின் புறநகர் வரை வந்து சூறையாடினார். 1571இல் உடன்படிக்கை செய்து எல்லையில் சந்தைகளைத் திறந்தார்கள். குதிரைகள் விற்பனைக்கு வந்தன. துணியும் தானியமும் வடக்கே போயின. அந்த எல்லையில் தாக்குதல்கள் பெரிதும் குறைந்தன.

1644இல் நடந்ததையும் பாருங்கள். உள்நாட்டுக் கலகக்காரர்கள் பெய்ஜிங்கைப் பிடித்தபோது, ஷான்ஹாய் வாசலைக் காத்த தளபதி வூ சாங்குய் மஞ்சுப் படையோடு கைகோத்து அவர்களை உள்ளே விட்டார். அங்கே சுவர் இடியவில்லை. உள்ளிருந்தவர்களின் ஒற்றுமைதான் இடிந்தது.

சுவர் எதிரியைத் தாமதப்படுத்தும். அமைதியைத் தந்தது நியாயமான கொடுக்கல் வாங்கல்தான். பிள்ளைகளுக்கு இந்த வரலாற்றைச் சொல்லும்போது சுவரின் நீளத்தோடு இதையும் சேர்த்துச் சொல்வோம்.