பாட்டு நோட்டு இல்லாத பாட்டுக்காரி

நாட்டுப்புறப் பாட்டை வாய்மொழி இலக்கியம் என்று தமிழ்ப் பாடத்தில் படிக்கிறோம். தாலாட்டு, ஒப்பாரி, நடவுப்பாட்டு, கும்மி, தெம்மாங்கு என்று வகைகளை மனப்பாடம் செய்து பரீட்சையில் எழுதிவிடுகிறோம். ஆனால் அதைப் பாடியவங்க யார்? அப்படி ஒருவரைப் பற்றித்தான் இந்த வாரம் எழுதுகிறேன்.

அவர் கொல்லங்குடி கருப்பாயி. சிவகங்கை மாவட்டத்துக் கொல்லங்குடி அவருடைய ஊர். ஊர்ப்பேர் அவர் பேரோடு ஒட்டிக்கொண்டது. கிராமத்துப் பாட்டுகளை அகில இந்திய வானொலியில் பாடினார். 1985-ல் பாண்டியராஜன் இயக்கிய 'ஆண் பாவம்' படத்தில் பாட்டியாக நடித்து, பாடவும் செய்தார். அப்போது அவருக்குச் சுமார் அறுபது வயது! 1993-ல் தமிழக அரசு கலைமாமணி விருது தந்தது. 2025 ஜூன் மாதம், 99 வயதில் காலமானார்.

இதேபோல் கடல் கடந்து கியூபா நாட்டிலும் ஒருவர் இருந்தார். பெயர் லாசரோ ரோஸ் (1925–2005). ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகப் பிடித்துப் போகப்பட்டவர்களின் யொரூபா மொழிப் பாட்டுகளைப் பாடியவர். அவங்க கையில் எதையும் கொண்டுபோக முடியவில்லை. ஆனால் வாயில் இருந்த பாட்டை யாராலும் பிடுங்க முடியவில்லை. 1886-ல் அங்கே அடிமை முறை ஒழிந்தது. பாட்டு மட்டும் ஒழியவில்லை.

ஒரு ஒற்றுமையைக் கவனியுங்கள். அங்கே ஒருவர் முன்பாட்டு பாட, கூட்டம் பின்பாட்டு பாடும். மூன்று பாட்டா மேளங்கள் தாளம் கொடுக்கும். நம்ம நடவிலும் ஒரு அம்மா எடுத்துக் கொடுக்க, மற்றவங்க வாங்கிப் பாடுவாங்க. மேளம் கிடையாது. நாற்றை ஊன்றும் கைதான் தாளம். பாட்டு ஓடினால் எல்லார் கையும் ஒன்றாகப் போகும், இடுப்பு வலியும் தெரியாது என்று என் ஆயா சொல்லும்.

இப்போது நடவு மெஷின் வந்துவிட்டது. மெஷின் சத்தத்தில் யார் பாடுவாங்க? வேலை மாறுவது தப்பில்லை, ஆயாவுக்கு இடுப்பு வலி மிச்சம்தான். ஆனால் வேலை போனால் அதோடு இருந்த பாட்டும் போகிறது. எங்க தெருவில் சாவு வீடு என்றால் ஒப்பாரிக்கு முதலில் கூப்பிடுவது ஒரு ஆயாவைத்தான். போன வருஷம் அந்த ஆயா இறந்தபோது பாட ஆளில்லை. ஆளுக்கொரு அடி தெரிந்தது, முழுசாக யாருக்கும் தெரியவில்லை. பாட்டு நோட்டு இல்லாதவங்க போய்விட்டால் தேடிப் படிக்க ஒன்றும் இருக்காது.

பேராசிரியர் நா. வானமாமலை (1917–1980) போன்றவர்கள் இப்படிப்பட்ட பாட்டுகளைத் திரட்டிப் புத்தகமாக்கினார்கள். நாமும் செய்யலாமே!

செய்து பார்ப்போம்:
1. வீட்டு ஆயாவிடம் ஒரு பாட்டு கேளுங்கள்.
2. அவங்க பேச்சு எப்படியோ அப்படியே எழுதுங்கள், திருத்தாதீர்கள்.
3. எந்த வேலையில், எந்த நேரத்தில் பாடியது, யாரிடம் கற்றது என்றும் குறியுங்கள்.

அபிஷேகப்பாக்கத்தில் இன்னும் எத்தனையோ ஆயாக்கள் திண்ணையில் உட்கார்ந்திருக்காங்க. நான் இதுவரை நான்கு பாட்டு எழுதிவிட்டேன். நீங்கள்?