டொபானிமி: ஓர் அரிய சொல்லைப் பருத்திப்பட்டில் வைத்துப் பழகுவது எப்படி?

ஆய்வேட்டில் கனமான ஓர் ஆங்கிலச் சொல்லைப் போட்டுப் பார்க்க ஆசைப்படாத மாணவர் குறைவு. அகராதியில் ஒரு வரியைப் பார்த்து அப்படியே எடுத்து ஒட்டினால், வாய்மொழித் தேர்வின் முதல் கேள்வியிலேயே சாயம் வெளுத்துவிடும். வரலாறு, மொழியியல், புவியியல் மாணவர்களை இப்படி மாட்டிவிடும் சொற்களில் ஒன்று ‘டொபானிமி’. தமிழில் இதை இடப்பெயராய்வு என்கிறோம்.

ஒரு கலைச்சொல்லை மனப்பாடம் செய்வதைவிட, தெரிந்த ஒரு பொருளின்மேல் அதை வேலை வாங்கிப் பார்ப்பதே நல்ல வழி. இங்கே ஆவடியை ஒட்டிய பருத்திப்பட்டை எடுத்துக்கொள்வோம். உங்கள் ஊர் வேறு என்றால் பெயரை மட்டும் மாற்றிக்கொள்ளுங்கள், படிகள் மாறாது.

படி 1: சொல்லைப் பிரித்து, இரண்டு பொருளையும் பிடியுங்கள்

கிரேக்க மொழியில் ‘டொபோஸ்’ என்றால் இடம், ‘ஓனொமா’ என்றால் பெயர். இரண்டும் சேர்ந்து பிறந்தது டொபானிமி. உச்சரிக்கும்போது நடுவில் வரும் ‘பா’வில் அழுத்தம் விழ வேண்டும்.

இதற்கு இரண்டு பொருள் உண்டு. ஒன்று, இடப்பெயர்களின் தோற்றத்தையும் மாற்றத்தையும் ஆராயும் துறை. மற்றது, ஒரு வட்டாரத்தின் இடப்பெயர்கள் அனைத்தும் சேர்ந்த தொகுதி. தனி ஊர்ப்பெயர் ஒன்றைச் சொல்ல ‘டாபனிம்’ என்ற சொல் இருக்கிறது. பருத்திப்பட்டு ஒரு டாபனிம். அதை ஆராய்வது டொபானிமி. மாணவர்கள் அதிகம் சறுக்கும் இடம் இதுதான்.

படி 2: உருவத்தில் ஒத்த சொற்களை விலக்குங்கள்

டொபாக்ரஃபி என்பது மேடு பள்ளம், ஆறு, ஏரி என நிலத்தின் அமைப்பைப் பற்றியது. டொபாலஜி கணிதத்தின் ஒரு பிரிவு. டைபாலஜி வகைப்படுத்தும் முறை. அவசரத்தில் தட்டச்சு செய்யும்போது இவை ஒன்றின் இடத்தில் ஒன்று புகுந்துவிடும்.

உறவுச் சொற்களையும் தெரிந்துவைத்தால் கை கொடுக்கும். எல்லாவகைப் பெயர்களையும் ஆராயும் பெருந்துறை ‘ஆனமாஸ்டிக்ஸ்’. நீர்நிலையின் பெயர் ‘ஹைட்ரனிம்’. சுமார் 87 ஏக்கர் பரப்புள்ள பருத்திப்பட்டு ஏரி சீரமைக்கப்பட்டு 2019இல் பசுமைப் பூங்காவாகத் திறக்கப்பட்டது. அதை ஆவடி ஏரி என்று சொல்பவர்களும் உண்டு. ஒரே நீர்நிலைக்கு இரண்டு ஹைட்ரனிம்கள்; இரண்டும் பக்கத்து ஊர்ப்பெயரிலிருந்து வந்தவை.

உள்ளூர் மக்கள் தங்கள் மொழியில் வழங்கும் பெயர் ‘எண்டோனிம்’, வெளியார் வழங்கும் பெயர் ‘எக்ஸோனிம்’. இதற்கும் ஒரு ‘பருத்தி’ ஊரே சாட்சி. யாழ்ப்பாணத்தின் வடமுனையில் இருக்கும் பருத்தித்துறை ஆங்கிலத்தில் ‘பாயிண்ட் பெட்ரோ’. அந்தப் பெயர், பாறைகள் நிறைந்த முனை என்று போர்த்துக்கீசியர் அழைத்ததன் திரிபு என்பர். துறையும் பருத்தியும் ஆங்கிலப் பெயரில் இல்லவே இல்லை.

படி 3: பொருள் சொல்லுமுன் பழைய வடிவங்களைத் திரட்டுங்கள்

இதுதான் இத்துறையின் முதல் விதி. பெயரின் இன்றைய வடிவத்தை மட்டும் பார்த்துப் பொருள் சொல்லக்கூடாது. தேட வேண்டிய இடங்கள் இவை:

- கிராம நிர்வாக அலுவலரிடம் உள்ள அ-பதிவேடு, அடங்கல், கிராம வரைபடம். குடும்பத்தில் இருக்கும் பழைய பத்திரங்கள்.
- எழும்பூரில் உள்ள தமிழ்நாடு ஆவணக் காப்பகம், கன்னிமாரா நூலகம்.
- இந்தியத் தொல்லியல் துறை வெளியிட்ட தென்னிந்தியக் கல்வெட்டுகள் தொகுதிகள். அருகில் உள்ள பழைய கோயில்களின் கல்வெட்டில் பக்கத்து ஊர்ப் பெயர்கள் கொடை எல்லையாக வருவதுண்டு.
- ஆங்கிலேயப் பொறியாளர் தாமஸ் பர்னார்டு 1767 முதல் 1774 வரை நடத்திய கணக்கெடுப்பு. அன்று செங்கல்பட்டு ஜாகீர் எனப்பட்ட பகுதியின் ஏறக்குறைய 2,000 ஊர்களைப் பதிவு செய்தது இது. இதையொட்டிய ஓலைக் கணக்குகளில் திருப்போரூர், வடக்குப்பட்டு ஆகிய ஊர்களுக்கு உரியவை அச்சிலும் வந்துள்ளன.

கிடைக்கும் ஒவ்வொரு வடிவத்துக்கும் பக்கத்தில் ஆண்டையும் இடத்தையும் எழுதுங்கள். ஆங்கில எழுத்துக்கூட்டலைத் தனிப் பத்தியில் வையுங்கள். அதை நம்பி முடிவுக்கு வராதீர்கள். சேத்துப்பட்டு ஆங்கிலத்தில் ‘செட்பெட்’ ஆனதால், அதைப் பேட்டை என்று நினைப்பவர் இன்றும் உண்டு. 2020 ஜூனில் தமிழக அரசு 1,018 ஊர்களின் ஆங்கில எழுத்துக்கூட்டலைத் தமிழ் ஒலிப்புக்கு ஏற்ப மாற்றி ஆணை வெளியிட்டு, அதே மாதத்தில் திரும்பப் பெற்றது.

படி 4: பெயரை வாலிலிருந்து வெட்டுங்கள்

தமிழ் ஊர்ப்பெயரில் பெரும்பாலும் பின்பகுதி ஊரின் வகையைச் சொல்லும். முன்பகுதி எந்த ஊர் என்று பிரித்துக் காட்டும். பருத்திப்பட்டில் பின்பகுதி ‘பட்டு’. இங்கே பட்டுச் சேலையை நினைத்தால் ஆய்வு அங்கேயே முடிந்தது. சென்னைப் பல்கலைக்கழகம் 1924 முதல் 1936 வரை வெளியிட்ட தமிழ்ப் பேரகராதியைத் திறந்தால், ‘பட்டு’ என்பதற்குச் சிற்றூர் என்ற பொருளும் இருப்பதைக் காணலாம்.

இலக்கணமும் இதற்குத் துணை நிற்கும். பருத்தியும் பட்டும் என்பது பொருளானால் அது உம்மைத்தொகை. உம்மைத்தொகையில் வல்லினம் மிகாது. செடிகொடி, தாய்தந்தை என்பவற்றைப் பாருங்கள். பருத்திப்பட்டில் ‘ப்’ மிகுந்திருக்கிறது. பள்ளியில் வேண்டாவெறுப்பாகப் படித்த புணர்ச்சி விதி இங்கே ஒரு கட்டுக்கதையைத் தடுக்கிறது.

படி 5: அக்கம்பக்கத்துப் பெயர்களோடு நிறுத்திப் பாருங்கள்

தனியாக நிற்கும் ஒரு பெயரை வைத்து எதையும் நிறுவ முடியாது. ஒரு தாளில் மூன்று பத்தி போடுங்கள்: முன்பகுதி, பின்பகுதி, குறிப்பு. ‘பட்டு’ வரிசையில் சேத்துப்பட்டு, செங்கல்பட்டு, பள்ளிப்பட்டு, வடக்குப்பட்டு வரும். ‘பாக்கம்’ வரிசையில் ஆவடிப் பகுதியின் விளிஞ்சியம்பாக்கமும், அயப்பாக்கம், காட்டுப்பாக்கம் ஆகியவையும் வரும்.

இங்கே ஒரு சிக்கலும் எழும். பாக்கம் என்றால் கடற்கரை ஊர் என்று அகராதி ஒரு பொருள் தருகிறது. விளிஞ்சியம்பாக்கத்தில் கடல் எங்கே இருக்கிறது? ஓர் ஈறு தன் முதற்பொருளை விட்டுப் பரவலாக ‘ஊர்’ என்ற அளவில் வழங்கத் தொடங்கிவிட்டால், அகராதிப் பொருளை ஒவ்வோர் ஊருக்கும் பொருத்த முடியாது. ‘பட்டு’க்கும் இதே எச்சரிக்கை பொருந்தும்.

முன்பகுதிகளையும் ஒப்பிடுங்கள். திருவேற்காட்டில் வேல மரமும், திருமுல்லைவாயிலில் முல்லையும், மாங்காட்டில் மாவும் வருகின்றன. இந்த வட்டாரத்தில் செடி, கொடி, மரத்தால் ஊருக்குப் பெயரிடும் வழக்கம் இருந்திருக்கிறது. ஆகவே பருத்திச் செடி ஊர்ப்பெயரில் வருவது இயல்புக்கு மாறானதல்ல. தமிழ்நாடு முழுவதும் இத்தகைய பெயர்களை வகைபிரித்துக் காண, ரா.பி. சேதுப்பிள்ளை 1946இல் வெளியிட்ட ‘தமிழகம் ஊரும் பேரும்’ நூலிலிருந்து தொடங்குங்கள்.

படி 6: ஊர்க்கதையைத் தனியே எழுதி, சோதியுங்கள்

ஒவ்வோர் ஊருக்கும் ஒரு பெயர்க்கதை இருக்கும். தொண்டைமானின் யானைக் கால்களை முல்லைக்கொடி சுற்றிக்கொண்டது என்பது திருமுல்லைவாயில் தலபுராணம். கதையைத் தூக்கி எறியாதீர்கள். மக்கள் தங்கள் ஊரை எப்படிப் பார்த்தார்கள் என்பதற்கு அது சான்று. பெயரின் பிறப்புக்கு மட்டும் அது சான்றாகாது.

புதுக்கதைகளும் உண்டு. ஆவடி என்பது, கவச வாகனக் கிடங்கைக் குறிக்கும் ஆங்கிலத் தொடரின் முதலெழுத்துகள் என்று பலர் உறுதியாகச் சொல்வார்கள். இரண்டாம் உலகப் போர்க்கால ராணுவக் கிடங்குகளும், 1960களில் தொடங்கிய கனரக வாகனத் தொழிற்சாலையும் அதற்கு வலு சேர்க்கின்றன. இருக்கும் பெயருக்குப் பிறகு விரிவாக்கம் கட்டுவதை ஆங்கிலத்தில் ‘பேக்ரனிம்’ என்பர். சோதிக்கும் வழி எளிது: ராணுவம் வருவதற்கு முந்தைய வரைபடத்தையோ ரயில்வே கால அட்டவணையையோ எடுங்கள். அதில் ஊர்ப்பெயர் இருந்தால் விரிவாக்கம் அங்கேயே விழுந்துவிடும். அதற்காக உடனே ‘ஆ’, ‘அடி’ என்று பிரித்துப் பசுமாட்டைக் கொண்டு வராதீர்கள். அதற்கும் பழைய வடிவம் வேண்டும்.

படி 7: உறுதியின் அளவோடு எழுதுங்கள்

கண்டதைக் ‘காணப்படுகிறது’ என்றும், ஊகத்தை ‘இருக்கலாம்’ என்றும், கேட்டதை ‘என்பர்’ என்றும் எழுதுங்கள். சில மாதிரிகள்:

- தவறு: ‘பருத்திப்பட்டு ஒரு பழமையான டொபானிமி.’
- சரி: ‘பருத்திப்பட்டு என்ற டாபனிமின் ஈறு சிற்றூரையும், முன்பகுதி பருத்திச் செடியையும் குறித்திருக்கலாம்.’
- சரி: ‘ஆவடிப் பகுதியின் டொபானிமியில் பாக்கம் என்ற ஈறு காணப்படுகிறது.’
- தவறு: ‘இங்கே பருத்தி விளைந்தது என்பதை ஊர்ப்பெயர் நிரூபிக்கிறது.’ விளைச்சலை நிரூபிக்க வேளாண் கணக்கு வேண்டும். பெயர் ஒரு குறிப்பு மட்டுமே.

ஆங்கிலத்தில் எழுதினால், சொல் முதலில் வரும் இடத்தில் ஒரு வரி விளக்கம் கொடுங்கள். தமிழில் எழுதினால் இடப்பெயராய்வு என்றே எழுதுங்கள், அதுவே போதும்.

கடைசியாக ஒரு வேண்டுகோள்

ஆவடி 2019இல் மாநகராட்சி ஆனது. சுற்றிலும் வயல்கள் மனைகளாகி, மனைகள் நகர்களாகிவிட்டன. களம், மேடு, தாங்கல், தோப்பு என்று வழங்கிய சிறு பெயர்கள் பெரியவர்களின் பேச்சில்தான் மிச்சம். ஆய்வேடு எழுதுகிறீர்களோ இல்லையோ, உங்கள் ஊரில் முன்பு விவசாயம் பார்த்தவர்களிடம் அந்தப் பெயர்களைக் கேட்டு, எந்த இடம் என்ற குறிப்போடும் தேதியோடும் எழுதி வையுங்கள். அகராதிகள் நூலகத்தில் பத்திரமாக இருக்கும். எழுதிவைக்காத இந்தப் பெயர்கள் சொல்பவரோடு போய்விடும்.