பிறர் கதைக்கு உருக்கொடுத்தவர்

படம் பார்த்துவிட்டு விடுதிக்குத் திரும்பும் வழியில் நாம் நடிகரைப் பற்றிப் பேசுகிறோம். சற்று விவரம் அறிந்த நண்பர் இயக்குநரைப் பற்றிப் பேசுவார். திரைக்கதை யார் எழுதியது என்று கேட்பவர் அரியர். அவ்வாறு கேட்கப்படாமலே போனவருள் ஒருவர், பிரேசில் நாட்டு லெயோப்போல்டோ செர்ரான்.

1942இல் பிறந்த இவர், இருபதைத் தாண்டிய இளைஞராக இருந்தபோதே கார்லோஸ் டியேகஸ் இயக்கிய 'கங்கா சும்பா' (1963) படத்தின் எழுத்துப் பணியில் பங்கு கொண்டார். ஆண்டைகளிடமிருந்து தப்பி ஓடிய அடிமைகள் 17ஆம் நூற்றாண்டில் அமைத்த பல்மாரஸ் குடியிருப்பைப் பற்றிய கதை அது. மறு ஆண்டே பிரேசிலில் இராணுவம் ஆட்சியைக் கைப்பற்றியது. 1985 வரை விடவில்லை. தணிக்கையின் நிழலிலேதான் செர்ரானின் பேனா பெரும்பகுதியும் நடந்தது.

ழோர்ழி அமாதுவின் புகழ்பெற்ற புதினத்தை 'டோனா ஃப்ளோர்' (1976) என்ற படமாக்கியபோது எழுதிய மூவரில் இவரும் ஒருவர். இயக்கிய புரூனோ பரேட்டோவுக்கு வயது இருபத்தொன்றுதான்! ஊதாரிக் கணவன் இறந்தபின் ஒழுங்கான மருந்துக்கடைக்காரரை மணக்கிறாள் ஃப்ளோர். செத்தவனோ ஆவியாகத் திரும்பி வருகிறான், அதுவும் ஆடையின்றி. அவள் கண்ணுக்கு மட்டுமே தெரிபவனை நமக்கு எப்படிக் காட்டுவது? புகையும் இல்லை, மாயமும் இல்லை. இறுதிக் காட்சியில் இரு கணவர்க்கும் நடுவே கைகோத்து அவள் கோயிலிலிருந்து வெளியே வருகிறாள்; சுற்றியுள்ளோர் எதையும் காணாமல் நடக்கின்றனர். அவ்வளவே! ஒரு கோடிக்கும் மேற்பட்டோர் கண்டு களித்தனர்.

எனக்கு உவப்பானது, டியேகஸுடன் சேர்ந்து எழுதிய 'பை பை பிரேசில்'. லாரியில் ஊர் ஊராகச் செல்லும் ஒரு வித்தைக் கூட்டம், அமேசான் காட்டுச் சாலைவரை போகிறது. மீன்முள் போன்ற தொலைக்காட்சிக் கம்பி கூரைமேல் தெரிந்தால் அவ்வூரில் கூட்டம் சேராது. ஒரு நாடு மாறுவதை அந்தக் கம்பியாலேயே சொல்லிவிட்டார்கள்.

'ஓ குவாட்ரில்யோ' (1995), 'நான்கு செப்டம்பர் நாட்கள்' என உலகம் அறிந்த படம் (1997) ஆகிய இரண்டும் ஆஸ்கார் விருதின் பிறமொழிப் பட்டியலில் இடம்பெற்றன. இரண்டாவதில் சிக்கல் எழுந்தது. 1969இல் அமெரிக்கத் தூதர் எல்பிரிக்கைக் கடத்தி, 15 அரசியல் கைதிகளை விடுவித்த இளைஞர்களின் கதை அது. சித்திரவதை செய்யும் காவலனுக்கும் மனச்சாட்சி இருப்பதாகக் காட்டியதைப் பழைய போராளிகள் கண்டித்தனர். அடிபட்டவர் உயிரோடிருக்கையில் அடித்தவனின் துயரை எழுதலாமா? அவர்களுடைய சினத்தில் நியாயம் உண்டு என்பேன். ஆயினும், அக்காவலன் இரவில் உறங்காமல் விழித்திருக்கும் காட்சியை என்னால் மறக்க இயலவில்லை.

செர்ரான் 2008இல் மறைந்தார். 'டோனா ஃப்ளோர்' படத்தின் பார்வையாளர் சாதனை 2010 வரை முறியவில்லை.