சூரியகாந்தக் கல்லும் படிகமும்

நம் முன்னோர் வழங்கிய கதைகளில் வியப்பூட்டும் கற்கள் பல உண்டு. நிலவொளி பட்டவுடன் நீர் கசியும் கல்லைச் சந்திரகாந்தம் என்றனர். வெயில் பட்டவுடன் தீயை உமிழும் கல்லைச் சூரியகாந்தம் என்றனர். நிலவொளியில் நீர் கசியும் கல் கதையில் மட்டுமே உள்ளது. சூரியகாந்தத்திற்கோ மெய்யான அடிப்படை உண்டு.

திருமூலர் தம் திருமந்திரத்தில் இக்கல்லை உவமையாக்கியுள்ளார். சூரியகாந்தத்தைச் சுற்றிப் பஞ்சு இருந்தாலும் அக்கல் தானாகப் பஞ்சைச் சுடுவதில்லை. கதிரவன் முன்னிலையிலேயே சுடுகிறது. அவ்வாறே குருவின் முன்னிலையில் உயிரின் மாசுகள் நீங்கும் என்பது அவர் கருத்து. இவ்வுவமையில் அறிவியல் உண்மை ஒன்றும் அடங்கியுள்ளது. கல்லினுள் தீ இல்லை. உருண்டையாகத் தேய்த்த தெளிந்த படிகம், தன்மேல் விழும் ஒளிக்கதிர்களை ஒரு புள்ளியில் குவிக்கிறது. அவ்விடத்தில் வெப்பம் மிகுந்து பஞ்சு பற்றிக்கொள்கிறது.

படிகம் என்பது மணலின் உறவினர். சிலிக்கனும் ஆக்சிசனும் சேர்ந்தே இரண்டும் உருவாகின்றன. மண்ணுக்கடியில் மாசின்றி மெல்ல வளரும்போது, ஆறு பக்கங்களும் கூரிய முனையும் கொண்ட தெளிந்த கல்லாகிறது. நொய்யல் ஆற்றங்கரையில் உள்ள கொடுமணலில் நடந்த அகழாய்வுகளில், படிகத்தையும் பிற மணிக்கற்களையும் அறுத்துத் துளையிட்டு மணிகளாக்கிய தொழிற்கூடங்களின் தடயங்கள் கிடைத்தன. பதிற்றுப்பத்தில் கொடுமணம் என்று குறிக்கப்படும் ஊர் இதுவே என்பர். தஞ்சாவூரை அடுத்த வல்லத்தில் கிடைத்த படிகக் கற்களைக் கொண்டு மூக்குக்கண்ணாடிகள் செய்தனர். இராமேசுவரம் கோயிலில் இன்றும் அதிகாலையில் படிக இலிங்கத்திற்கு வழிபாடு நடைபெறுகிறது.

படிகத்தின் பெரிய வியப்பு 1880ஆம் ஆண்டில் வெளிப்பட்டது. பிரான்சு நாட்டின் சாக்கு கியூரி, பியேர் கியூரி என்னும் உடன்பிறந்தோர், படிகத்தை அழுத்தினால் அதன் பரப்பில் மின்னேற்றம் தோன்றுவதைக் கண்டனர். மின்சாரம் செலுத்தினால் படிகம் சிறிதளவு உருமாறும் என்பதையும் மறு ஆண்டில் மெய்ப்பித்தனர். இப்பண்பே கைக்கடிகாரத்தை இயக்குகிறது. கடிகாரத்தினுள் இருக்கும் சிறு படிகத் துண்டு நொடிக்கு 32,768 முறை அதிர்கிறது. அவ்வெண்ணை மின்சுற்று 15 முறை பாதியாக்க, நொடிக்கு ஒரு துடிப்பு கிடைக்கிறது. 1969ஆம் ஆண்டில் சப்பானில் படிகக் கைக்கடிகாரம் முதன்முதலாக விற்பனைக்கு வந்தது. இன்று கடிகாரங்களுக்கான படிகத்தை ஆலைகளிலேயே வளர்க்கின்றனர்.

பெங்களூரிலிருந்து பங்காருபாளையம் வழியாகத் திருப்பதிக்குச் செல்லும் அடியார் பலர். திருத்தலக் கடைவீதிகளில் விற்கும் படிக மாலையைச் சிலர் பத்தியுடன் வாங்கி அணிகின்றனர். அது அவரவர் நம்பிக்கை. ஆயின், "இம்மாலை காய்ச்சலைப் போக்கும், சர்க்கரை நோயைத் தீர்க்கும்" என்று எவரேனும் கூறினால் என் செய்வது?

பங்காரு என்னும் தெலுங்குச் சொல்லுக்குப் பொன் என்று பொருள். பொன்னை உரைகல்லில் உரைத்துப் பார்த்தே வாங்குகிறோம். சொல்லையும் அவ்வாறே உரைத்துப் பார்த்தல் வேண்டும். படிகம் தொட்டால் குளிர்ச்சியாக இருப்பது உண்மை. கண்ணாடியைவிட விரைவாக அது கையின் வெப்பத்தைக் கடத்திவிடுவதே அதற்குக் காரணம். அக்குளிர்ச்சி தோலளவில் நிற்பது. உடலுக்குள் இருக்கும் நோயைத் தீர்க்காது. மாலையை நம்பி மருந்தை நிறுத்தியவர் பொருளை இழப்பதோடு உடல்நலத்தையும் இழப்பார். மாலையை அணிந்தவரும் மருத்துவரிடம் செல்லுதலே அறிவுடைமை.

விற்கப்படும் மாலை படிகமா, கண்ணாடியா என்பதையும் ஆராயலாம். படிகம் கண்ணாடியைக் கீறும். கண்ணாடியால் படிகத்தைக் கீற இயலாது. மணியினுள் உருண்டையான காற்றுக் குமிழ்கள் தென்பட்டால் அது பெரும்பாலும் கண்ணாடியே. ஆராய்ந்து அறிந்தபின்னும் படிகத்தின் வியப்பு குறைவதில்லை. மணலின் உறவினராகிய ஒரு கல் உலகிற்கு நேரம் காட்டுகிறது என்பது கதைகளில் வரும் எந்தக் கல்லின் ஆற்றலுக்கும் குறைந்ததன்று.

சொற்பொருள்
உமிழும் – வெளிப்படுத்தும்
மாசு – குற்றம், அழுக்கு
தடயம் – அடையாளம்
உரைகல் – பொன்னின் தரத்தை அறிய உதவும் கல்
மெய்ப்பித்தல் – உண்மையென நிறுவுதல்

பயிற்சி
அ. கோடிட்ட இடங்களை நிரப்புக.
1. வெயிலில் தீயை உமிழும் எனப்பட்ட கல் ________.
2. கொடுமணல் ________ ஆற்றங்கரையில் உள்ளது.

ஆ. பிரித்து எழுதுக.
1. நிலவொளி 2. ஆற்றங்கரை 3. மின்னேற்றம்

இ. ஓரிரு தொடர்களில் விடை தருக.
1. திருமூலர் சூரியகாந்தத்தை எதற்கு உவமையாக்கினார்?
2. படிகம் தொட்டால் குளிர்வது ஏன்?
3. 32,768 என்னும் எண்ணை 15 முறை பாதியாக்கிக் காட்டுக.

ஈ. சிந்தித்து எழுதுக.
உங்கள் உறவினர் ஒருவர் மருந்தை நிறுத்திவிட்டுப் படிக மாலை மட்டும் அணிகிறார். அவர் மனம் நோகாதவாறு நீங்கள் கூறும் அறிவுரையைப் பத்து வரிகளில் எழுதுக.

உ. செயல்பாடு
ஆசிரியர் முன்னிலையில், உருப்பெருக்குக் கண்ணாடியால் வெயிலைக் காகிதத்தின்மேல் குவித்து நிகழ்வதை எழுதுக. கண்ணாடி வழியே கதிரவனைப் பார்த்தல் கூடாது.